பெரியண்ணனின் பூட் சிடி

பெரியண்ணனுக்கு எதையும் முதல் தடவையிலேயே சரியாகச் செய்து பழக்கமில்லை. இதை நான் குறையாகச் சொல்லவில்லை. நாமெல்லாம் ஒரு தடவை செய்து பார்த்து, வரவில்லை என்றால் கையைக் கழுவிக்கொண்டு டீவி பார்க்கப் போய்விடுவோம். அவர் போகமாட்டார். அதே வேலையை வேறு விதமாகத் தப்பாகச் செய்வார். அப்படியே செய்துகொண்டு போனால், தப்பாகச் செய்ய வழியே மிச்சமில்லாமல் ஒரு கட்டத்தில் அது சரியாக வந்துவிடும்.

டில்லியின் மயூர் விஹார் முதல் பேஸில் எங்களுடையது ஒரு கூட்டுறவுக் குடியிருப்பு. கட்டும்போதே சேர்ந்தவர்களில் பாதிப் பேர் மத்திய அரசுத் தமிழர்கள். பெரியண்ணன் முதல் மாடி. நான் அவருக்கு நேர் மேலே. அவர் வீட்டில் சுத்தியல் எடுத்தால் என் வீட்டுத் தரை அதிரும். என் பெயர் உஷாராணி. குடியிருப்பின் தமிழ் மகளிர் மன்றத்துக்கு நான்தான் செயலாளர். எனக்குப் பொறுமை குறைவு என்று என் வீட்டுக்காரர் சொல்வார். அதை அவர் சொல்லி முடிக்கிறவரை நான் கேட்டதில்லை.

பெரியண்ணன் நாமக்கல் பக்கத்து ஆள். எழுபதுகளின் கடைசியில் எழுத்தர் தேர்வு எழுதித் தேறி, ஒரு டிரங்குப் பெட்டியோடு டில்லி வந்து இறங்கினார். கோல் மார்க்கெட் பக்கம் யாருடைய அரசுக் குவார்ட்டரிலோ பின்னறையை வாடகைக்குப் பிடித்துக்கொண்டு, ஓர் அமைச்சகத்தின் தபால் பிரிவில் வேலைக்குச் சேர்ந்தார். வருகிற கடிதத்துக்கு எண் போடுவது, போகிற கடிதத்துக்கு எண் போடுவது, யார் யாருக்கு நகல் என்று பார்த்து அனுப்புவது. கால் நூற்றாண்டு இதையே செய்தவருக்கு, நகல் போனால்தான் ஒரு காரியம் முடிந்ததாக அர்த்தம். ஊரிலிருந்து கல்யாணப் பத்திரிகை வந்தால்கூடப் பின்பக்கம் திருப்பி, நகல் யார் யாருக்கு என்று பார்ப்பார் என்று அவர் மனைவி லீலாவதி சொல்வாள்.

ஆபீஸ் நேரம் போக மிச்ச நேரத்தில் அவர் விஞ்ஞானி. எண்பதுகளில் ஆன்டெனாவோடு மல்லுக்கட்டினார். பிறகு ஒரு பழைய ஸ்கூட்டர். பிறகு, காற்றைக் குளிர்விக்கிற கூலருக்குத் தண்ணீர் தானாகவே ஏறுகிற மாதிரி ஓர் ஏற்பாடு செய்தார். தண்ணீர் ஏறியது உண்மை. எப்போது நிற்க வேண்டும் என்றுதான் அதற்குத் தெரியவில்லை. தரைத்தளத்து விசாலாக்ஷி மாமி, பால்கனியில் தண்ணீர் கொட்டுகிற சத்தம் கேட்டு, ஜூன் மாதத்தில் மழை வந்துவிட்டது என்று கொடியில் காய்கிற துணியை எடுக்க ஓடினார். மாமி இன்னும் அதை மறக்கவில்லை. மறக்க நாங்களும் விடுவதில்லை.

மகள் கல்யாணமாகிப் புனேக்குப் போன பிறகு வீட்டில் ஓர் அறை காலியானது. அந்த அறைக்கு ஒரு கம்ப்யூட்டர் வந்தது. வந்தது அவருக்காக, அதில் உருப்படியாக வேலை செய்தது லீலாவதி. அவள் ஓர் அச்சகத்துக்குப் போய்த் தமிழ் தட்டச்சு கற்றுக்கொண்டு வந்து, வீட்டிலிருந்தே கல்யாணப் பத்திரிகை, புதுமனைப் புகுவிழா அட்டை என்று அடித்துக் கொடுக்க ஆரம்பித்தாள். டில்லியில் தமிழில் பிழையில்லாமல் அடிக்கிறவர்கள் கிடைப்பது லேசில்லை. ஆனால் பத்திரிகையின் அடியில் அச்சகத்தின் பெயர்தான் இருக்கும். குடியிருப்பில் அவளுக்குப் பெயரே 'பெரியண்ணன் வீட்டம்மா'தான்.

எங்கள் மன்றத்துக்கு வெள்ளி விழா வந்தது. மலர் ஒன்று போடுவதென்று முடிவு செய்தோம். எங்கள் பிள்ளைகளில் தமிழ் படிக்கத் தெரிந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். அதனால் என்ன, மலர் போடாமல் ஒரு வெள்ளி விழாவா? வேலை மொத்தத்தையும் லீலாவதியிடம் கொடுத்தேன்.

"உஷாக்கா, எனக்கு நீங்க குடுக்கறதக் குடுங்க, அது பெருசில்ல," என்றாள். "ஆனா இது எங்கைல முழுசா நடக்கற மொத வேலைங்க. இது ஒண்ணு நல்லா வந்துருச்சுன்னா, அப்புறம் நானே வெளியில போய் வேலை கேப்பேன். வராமப் போச்சுன்னா, இந்தப் பத்திரிகை அடிக்கறதையும் நிறுத்தீருவேன்."

லீலாவதி சும்மா சொல்கிறவள் இல்லை. எட்டு மாதம் அடித்தாள். எங்கள் மன்றத்துப் பெண்களின் கையெழுத்தைப் படிப்பதற்கே அவளுக்குத் தனியாக ஒரு பட்டம் கொடுக்க வேண்டும்.

அதே எட்டு மாதம், அதே அறையில், பெரியண்ணன் பூட் சிடி செய்துகொண்டிருந்தார்.

கம்ப்யூட்டரை ஓட்டுகிற அடிப்படை மென்பொருளை ஊரே திருட்டு நகலாக எங்கிருந்தோ வாங்கி, எதையும் கேட்காமல் போட்டுக்கொண்டிருந்த காலம். அரசு ஊழியர் அப்படிச் செய்யலாமா என்று இவருக்கு ஒரு உறுத்தல். லினக்ஸ் என்று ஒன்று இருக்கிறது, சும்மாவே கொடுக்கிறார்கள், எடுத்துக்கொண்டு பிறருக்கும் கொடுக்கச் சொல்கிறார்கள் என்று எங்கோ படித்தார். பிறருக்கும் கொடுக்கலாம் என்றதும் மனிதர் மயங்கிவிட்டார். எங்கள் மார்க்கெட்டின் சைபர் கபேயில் போய் உட்கார்ந்து, சுருக்கிய கோப்புகளாக, துண்டு துண்டாக அதை இறக்க ஆரம்பித்தார். அடையாள அட்டையோடு சேர்த்துக் கழுத்தில் ஒரு பென் டிரைவும் தொங்கும். "அங்கிள்ஜி, ஆஜ் பீ வஹீ?" இன்றைக்கும் அதேதானா என்று இந்தியில் கேட்பான் கடைக்காரப் பையா. "ஹாஞ்ஜி, வஹீ," என்பார் இவர்.

இறக்கினால் மட்டும் போதாது. கம்ப்யூட்டர் மொத்தமாகப் படுத்துவிட்டாலும், சிடியைப் போட்டால் அந்தச் சிடியே அதைக் கிளப்பிவிட வேண்டும். அதுதான் பூட் சிடி. சுருக்கிய கோப்புகளை விரித்து, இருக்க வேண்டிய இடத்தில் வைத்து, கிளப்பிவிடுகிற கோப்பை முன்னால் சேர்த்து, எல்லாவற்றையும் படிமம் என்கிற ஒரே பெரிய கோப்பாகக் கட்டி, அந்தப் படிமத்தைச் சிடியில் எரிக்க, அதாவது பதிக்க வேண்டும். இந்த ஒரு வாக்கியத்தைத் தெரிந்துகொள்ள மாடிப்படியில் நான் நின்ற நேரத்தில் ஒரு ஸ்வெட்டர் பின்னியிருக்கலாம்.

முதல் தடவை, சுருக்கிய கோப்புகளை அப்படியே சிடியில் ஏற்றினார். பந்தியில் இலை போட்டு, அரிசி மூட்டையை இறக்கி வைத்த மாதிரி. கம்ப்யூட்டர் அதைச் சீண்டவில்லை. இரண்டாம் தடவை விரித்து ஏற்றினார். எல்லாக் கோப்பும் இருந்தது, ஆனால் கிளம்பவில்லை. மாடிப்படியில் என்னைப் பிடித்துக்கொண்டார்.

"பைல் பூரா பத்திரமா இருக்குதுங்க உஷாம்மா. மேல வெக்கற கவரிங் லெட்டர்தான் இல்ல. அது இல்லாம எந்த செக்சன்ல வாங்குவாங்க, சொல்லுங்க?"

"வாங்க மாட்டாங்க சார். எனக்கு அடுப்புல பால் இருக்கு," என்றேன்.

மூன்றாம் தடவை கவரிங் லெட்டரையும் சேர்த்து, அழகாகப் படிமம் கட்டினார். அந்தப் படிமத்தை எரிக்கிற விதத்தில் எரிக்காமல், வெறும் கோப்பாக நினைத்து நகலெடுத்துவிட்டார். கடிதத்தைத் தபாலில் போடாமல், தபால் பெட்டியை வரைந்து பக்கத்தில் வைத்த கதை. ஒவ்வொரு விதத்துக்கும் ஒரு தடவை போதாது என்று பல தடவை செய்தார். வீணான சிடிகளை லீலாவதி நூலில் கோத்து பால்கனியில் தொங்கவிட்டாள், புறா வராமலிருக்க. புறாக்கள் வந்து அதில் முகம் பார்த்துவிட்டுப் போயின.

நடுநடுவே லீலாவதி ஒன்று கேட்டாள். "ஏனுங்க, மலரையும் ஒரு சிடில போட்டு வெச்சுருங்களேன். மெசினுக்கு ஏதாச்சும் ஆயிட்டா?"

"அடுத்த வாரம் போட்டுத் தர்றேன் லீலா. இப்ப இருக்கற சிடியெல்லாம் படிமத்துக்கு வேணும்."

அந்த வீட்டில் வெற்றுச் சிடிகள் கோபுரம் மாதிரி அடுக்கியிருந்தன. அவற்றில் ஒன்றுகூட மலரின் பக்கம் போகவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, நவராத்திரிக்குக் கொஞ்சம் முன்னால், கீழிருந்து பெரியண்ணனின் குரல் கேட்டது. எல்லோரும் ஓடினோம். திரையில் வெள்ளை எழுத்துகள் சரசரவென்று ஓடின. பிறகு லினக்ஸின் சின்னமான பென்குவின் வந்து நின்றது. பெரியண்ணன் அதைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிடாத குறை.

"இது என்ன பண்ணும்?" என்றார் விசாலாக்ஷி மாமி.

"கிளம்புமுங்க மாமி."

"கிளம்பி?"

பெரியண்ணன் யோசித்தார். "கிளம்பி நிக்குமுங்க."

மாமி இரண்டடி பின்னால் நகர்ந்தார். கூலரை நினைத்துக்கொண்டிருப்பார்.

காரியம் முடிந்தது என்றால் அடுத்தது நகல்தானே? குடியிருப்பின் எல்லாத் தமிழ் வீட்டுக்கும் ஒவ்வொரு சிடி எரித்தார். எழுதுகிற பக்கத்தில் மார்க்கரால் மேலே பிள்ளையார் சுழி, நடுவில் 'பூட் சிடி', கீழே 'நகல்: தகவலுக்கும் அவசர நடவடிக்கைக்கும்.' நவராத்திரியில் லீலாவதி கொலு பார்க்க வீடு வீடாகப் போனபோது இவரும் கூடவே போனார். அவள் சுண்டல் வாங்கினாள்; இவர் சிடி கொடுத்தார். பளபளப்பான பக்கத்தில் விரல் படக் கூடாது, விளிம்பைப் பிடிக்க வேண்டும் என்று பிடித்தும் காட்டினார். எல்லோரும் மரியாதையாக விளிம்பைப் பிடித்து வாங்கி, கொலுப்படிக்குப் பக்கத்தில் வைத்தார்கள். யாரும் அதைக் கம்ப்யூட்டரில் போட்டுப் பார்க்கவில்லை. நகல்தான் எல்லா இடத்திலும் இருக்கிறதே என்று, இடத்தை அடைத்துக்கொண்டிருந்த படிமத்தைத் தன் கம்ப்யூட்டரிலிருந்து அவர் அழித்தும்விட்டார்.

சரஸ்வதி பூஜைக்கு முதல் நாள் அவருக்கு இன்னொரு ஆசை வந்தது. விஜயதசமியன்று லீலாவதி மெஷினைத் திறக்கும்போது அதில் லினக்ஸும் இருந்தால் எப்படி இருக்கும்? நல்ல நாள். அவள் திகைத்துப் போவாள். சொல்லாமல் கொள்ளாமல் டிஸ்க்கின் ஒரு மூலையில் அதை ஏற்ற ஆரம்பித்தார். வேலை பாதியில் நிற்கும்போது லீலாவதி சந்தனக் கிண்ணத்தோடு உள்ளே வந்தாள்.

"போதுங்க, எந்திரிங்க. பூசைக்கு வெக்கோணும்."

பூஜைக்கு வைக்க வேண்டும் என்றால் வைக்கத்தான் வேண்டும். அவசரமாக அணைத்தார். மானிட்டருக்கு மாலை போட்டாள், கீபோர்டுக்குப் பொட்டு வைத்தாள். மறுநாள் முழுக்க யாரும் எதையும் தொடவில்லை.

விஜயதசமி காலை, கடைசி நான்கு பக்கத்தைப் பார்த்துச் சொல்ல நான் கீழே போனேன். அன்று சாயங்காலம் பக்கங்கள் கரோல் பாக் அச்சகத்தில் இருக்க வேண்டும். அடுத்த ஞாயிறு விழா. லீலாவதி மறுபூஜை முடித்து, கற்பூரம் காட்டி, மெஷினை முடுக்கினாள். கறுப்புத் திரை. ஓரத்தில் ஒரே ஒரு சின்னக் கோடு மின்னிக்கொண்டிருந்தது. திரும்ப முடுக்கினாள். திரும்பவும் அதே கோடு.

"ஏனுங்க," என்றாள்.

பெரியண்ணன் வந்து பார்த்தார். அவர் முகம் போன போக்கிலேயே எனக்கு விஷயம் புரிந்துவிட்டது. தட்டுத் தடுமாறி எல்லாவற்றையும் சொன்னார்.

"மலரு?" என்றாள் லீலாவதி.

"உள்ளதான் இருக்கும். இருக்கோணும்."

நான் சத்தம் போட்டேன். என்ன சொன்னேன் என்று திரும்ப எழுத மாட்டேன். மூன்றாம் மாடிவரை கேட்டதாகப் பிறகு சொன்னார்கள். லீலாவதி சத்தம் போடவில்லை. நாற்காலியில் உட்கார்ந்து அந்தக் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். அது எனக்கு இன்னும் பயமாக இருந்தது. எட்டு மாத வேலையை ஒரு பகலில் திரும்ப அடிக்க முடியாது. இது போய்விட்டால் இவள் கீபோர்டை இனிமேல் தொட மாட்டாள் என்று எனக்குத் தெரியும்.

"எதுக்குப் பயப்படறீங்க?" என்று பெரியண்ணன் திடீரென்று தெளிந்தார். "பூட் சிடி இருக்குதல்லங்க! இதுக்குத்தானே செஞ்சது! சிடில கிளப்பி, உள்ள பூந்து, மலரை எடுத்துட்டு வந்தர்லாம்."

பூஜை அலமாரிக்கு ஓடினார். சிடியை எடுத்தார். திருப்பினார். பளபளப்பான பக்கத்தின் நடுவில் எட்டணா அளவுக்குச் சந்தனம், அதன் மேல் குங்குமம்.

"ஏம்மா, இந்தப் பக்கமா பொட்டு வெப்பாங்க?"

"அந்தப் பக்கம் நீங்க பிள்ளையார் சுழி போட்டு எழுதி வெச்சிருக்கறீங்க. எழுத்து மேல எப்படிங்க பூசறது? இந்தப் பக்கம்தான் ஒண்ணுமில்லாம இருந்துது."

அப்படியே போட்டுப் பார்த்தார். மெஷின் கர்ரென்று உறுமிவிட்டு வெளியே தள்ளியது. பரவாயில்லை, நகல் எல்லா வீட்டிலும் இருக்கிறது என்று கிளம்பினார். நானும் கூடப் போனேன், போகிற இடத்தில் நின்று விளக்கம் சொல்ல ஆரம்பித்துவிடுவார் என்று.

விசாலாக்ஷி மாமி வீட்டில் பளபளப்பான பக்கம் முழுக்க மூன்று குங்குமப் பொட்டு. எதிர் பிளாக்கில் பத்ரி வீட்டில் அழகாக நாமம் போட்டிருந்தார்கள், விளிம்பிலிருந்து விளிம்புவரை. ஓய்வுபெற்ற அண்டர் செக்ரெட்டரி தட்சிணாமூர்த்தி வீட்டில் மூன்று கோடு விபூதிப் பட்டை. சிடியைப் பார்த்தே யார் வீடு என்று சொல்லிவிடலாம். எல்லா வீட்டிலும் புத்தகத்தோடு அதையும் பூஜைக்கு வைத்திருந்தார்கள்; எல்லா வீட்டிலும் ஒரே காரணம்: எழுதியிருக்கிற பக்கத்தில் எப்படிப் பூசுவது? எல்லோரும் விளிம்பைப் பிடித்துத்தான் பூசியிருந்தார்கள். அந்த விஷயத்தில் பெரியண்ணனின் பயிற்சி வீண்போகவில்லை.

"துடைச்சுக்கலாமுங்களா மாமி?" என்று கெஞ்சினார்.

"விஜயதசமியும் அதுவுமா குங்குமத்தை அழிக்கறதா? நன்னாருக்கே! எங்காத்துல நடக்காது," என்றார் மாமி.

"அர்ஜென்ட் மாமி. லீலாவோட மலரு..."

"எடுத்துண்டு போங்கோ. ஆனா அழிக்கப்படாது."

அழிக்காமல் என்ன செய்வது? அழிக்கவில்லை என்று உறுதி செய்துகொள்ள மாமியும் எங்களோடு மாடி ஏறினார். ஒரு தாம்பாளத்தில் சிடிகளை அடுக்கிக்கொண்டு பெரியண்ணன் சமையலறைத் தொட்டி முன்னால் நின்றார். குழாயைத் திறந்தார். மூடினார். அவருக்கே கை வரவில்லை. கட்டிய மனைவி பக்கத்து அறையில் இருக்க, அவள் வைத்த குங்குமத்தை, அதுவும் விஜயதசமியன்று, எந்த நாமக்கல்காரர் தண்ணீரில் கரைப்பார்?

லீலாவதி எழுந்து வந்து தாம்பாளத்தை வாங்கினாள். மாமியின் சிடியை எடுத்து, விரல் நுனியால் அந்தக் குங்குமத்தைத் தொட்டுத் தன் நெற்றியில் வைத்துக்கொண்டாள். விரலில் மிச்சமிருந்ததைத் தாலியில் வைத்துக்கொண்டாள்.

"பூசை பண்ணுனது எதுக்குங்க மாமி? வேலை நல்லா நடக்கோணும்னுதானுங்களே? நானும் கும்பிட்டுட்டேன். இப்ப வேலை நடக்கட்டும்."

மாமி கிட்டே வந்தார். பிறகு, "எனக்கும் இத்தனை வைடி," என்று நெற்றியை நீட்டினார்.

லீலாவதி ஒவ்வொன்றாகச் சோப்புத் தண்ணீரில் கழுவி, பழைய மல் துணியில் ஒற்றி எடுத்துக் கொடுத்தாள். பெரியண்ணனுடைய சிடியில் சந்தனம் போயும் கறை போகவில்லை. மாமியின் சிடி பென்குவின்வரை வந்து நின்றுவிட்டது. நாமம் இறுகிக் காய்ந்து கீறல் விட்டிருந்தது. மெஷின் அதைச் சிடி என்றே ஒப்புக்கொள்ளவில்லை. விபூதி மட்டும் தண்ணீர் பட்டதும் சுத்தமாகப் போய்விட்டது. தட்சிணாமூர்த்தி வீட்டுச் சிடிதான் கிளம்பியது. இந்தத் தகவலை இன்றுவரை பத்ரிக்கு யாரும் சொல்லவில்லை.

திரையில் ஒரு கேள்வி வந்தது. சிடியிலிருந்தே ஓட்டுவதா, அல்லது டிஸ்க்கைத் துடைத்துவிட்டுப் புதிதாக நிறுவுவதா? பெரியண்ணன் முதலாவதைத் தேர்ந்தெடுத்தார். டிஸ்க் தெரிந்தது. அதற்குள் மலர் என்ற பெட்டியும் தெரிந்தது. நான் அவர் முதுகில் ஒரு தட்டுத் தட்டினேன். ஒரு கோப்பைத் திறந்தார்.

குப்பை. திரை முழுக்க ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியும் காற்புள்ளியும், அர்த்தமில்லாமல், பக்கம் பக்கமாக. இன்னொன்றைத் திறந்தார். அதுவும் அப்படியே.

பெரியண்ணன் கண்ணாடியைக் கழற்றினார். "கெட்டுப்போச்சு," என்றார். "எல்லாமே கெட்டுப்போச்சு. நானே கெடுத்துப் போட்டேன், லீலா." அவர் குரல் உடைந்து நான் கேட்டது அதுதான் முதல் தடவை. "இனி இதை வெச்சிருந்து பிரயோஜனமில்ல. டிஸ்க்கைத் துடைச்சுட்டுப் புதுசாப் போட்டுத் தர்றேன். மெசினாவது உனக்கு நல்லா இருக்கட்டும்."

மூடுவதற்குக் கை நீட்டினார். லீலாவதி அவர் கையைப் பிடித்துக்கொண்டு திரைக்குக் கிட்டே குனிந்தாள்.

"எம், கே, அரைப்புள்ளி, கே, எச்," என்று மெதுவாகச் சொன்னாள். "அம்மா."

நாங்கள் மூன்று பேரும் அவளைப் பார்த்தோம்.

"அம்மா கட்டிக் கொடுத்த புளிக்காய்ச்சல் ஜாடி ஆக்ரா தாண்டும்போது உடைந்தது," என்று படித்தாள். விரல் திரையில் அந்தக் குப்பையின் மேல் ஊர்ந்துகொண்டே போனது. "நான் டில்லிக்குள் நுழைந்தபோது என் புடவையில் கும்பகோணம் மணத்தது."

"அடி, அது நான் எழுதினதுடி!" என்று மாமி கத்தினார்.

"உங்களுதுதானுங்க மாமி. பதினொண்ணாம் பக்கம். ஒண்ணும் கெடலைங்க," என்றாள் லீலாவதி. "நம்ம தமிழ் எழுத்து இந்தச் சிடில இல்ல, அதனால இங்கிலீசு எழுத்தாக் காட்டுது. நான் அடிக்கறப்ப எந்தக் கட்டையில எந்த எழுத்து விழும்ன்னு எனக்குத் தெரியாதுங்களா? அச்சகத்து மெசின்ல தொறந்தா தமிழாவே வரும்."

"இதை நீ படிக்கறயா?" என்றார் பெரியண்ணன்.

"எட்டு மாசமா இதைத்தானுங்க அடிக்கறேன்."

அவள் அதைக் குத்தலாகச் சொல்லவில்லை. அவருக்குத்தான் குத்தியது. எட்டு மாதமும் ஒரு முழம் தள்ளிப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தவர் அவர். தன் சிடி எரிந்து முடிகிறதா என்று பார்த்தாரே தவிர, அவள் என்ன அடிக்கிறாள் என்று ஒரு நாளும் எட்டிப் பார்க்கவில்லை. அது அவர் முகத்தில் அப்படியே தெரிந்தது. எழுந்து நாற்காலியை அவள் பக்கம் தள்ளினார். எதை எதை எடுக்க வேண்டும் என்று அவள் சொல்லச் சொல்ல, நின்றுகொண்டே பென் டிரைவில் ஏற்றினார். ஒவ்வொரு கோப்புக்கும், "இது யாரோடது?" என்று கேட்டார். இருட்டுவதற்குள் இருவரும் ஸ்கூட்டரில் கரோல் பாக் போய்ச் சேர்ந்தார்கள்.

ஞாயிற்றுக்கிழமை விழா. மலர் வந்துவிட்டது. மேடையில் பாட்டு, கோலாட்டம், பேச்சு, மறுபடி பேச்சு. எங்கள் பிள்ளைகள் மலரைப் பிரித்துப் படம் பார்த்துவிட்டு மூடினார்கள். பெரியண்ணன் இரண்டாம் வரிசையில் எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து முதல் பக்கத்திலிருந்து படித்துக்கொண்டிருந்தார். எங்கள் தலைவியின் வாழ்த்துரையைக்கூட விடவில்லை. அதை எழுதிய தலைவியே முழுதாகப் படித்திருக்க மாட்டார். மாமியின் ஜாடி உடைந்த இடத்தில் சிரித்தார். வேறொரு பக்கத்தில் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

மேடையில் லீலாவதியைப் பெயர் சொல்லி அழைத்தார்கள். அவள் ஏறினாள். சால்வை போட்டார்கள். கூட்டம் கைதட்டி ஓய்ந்தது. இவர் இன்னும் எழுபதாம் பக்கத்தில் இருந்தார்.

நான் முழங்கையால் ஒரு இடி இடித்தேன். "சார்! உங்க வீட்டம்மா!"

நிமிர்ந்து பார்த்தார். மலர் மடியிலிருந்து விழுந்தது. எழுந்து நின்று கைதட்ட ஆரம்பித்தார், அத்தனை பெரிய கூடத்தில் தன்னந்தனியாக. முன்வரிசை திரும்பிப் பார்த்தது. அடுத்த பேச்சாளர் மைக்கின் முன்னால் வந்து நின்று காத்துக்கொண்டிருந்தார். லீலாவதி மேடையிலிருந்து, உட்காருங்கள் என்று கையால் ஜாடை காட்டினாள். ஒரு தடவை காட்டினாள், இன்னொரு தடவையும் காட்டினாள்.

அவர் உட்காரவில்லை.